வெளிமானுக்கு ஒரு அடர்ந்த காடு

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணி. பெங்களூர் வைட்ஃபீல்டில் ஓர் அபார்ட்மென்ட்டின் கிளப் ஹவுஸ். நாற்பது பேர் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார்கள். ஒவ்வொருவர் மடியிலும் ஒரு காகிதத் தட்டு, தட்டில் ஒரு சமோசா. ஏசி குளிரில் சமோசா விறைத்துப்போய்விட்டது.

கதவோரம் ஒருவர் மட்டும் நிற்கிறார். நீல யூனிஃபார்ம், கையில் கழற்றிய தொப்பி. பெயர் சௌரி. அந்த அபார்ட்மென்ட்டின் மெயின் கேட் செக்யூரிட்டி. வயது ஐம்பத்தெட்டு.

சுவர்த் திரையில் ஒரு மான், ஆளுயரத்துக்கு.

சௌரி செய்த குற்றம் இதுதான். அந்த மான் எங்கே வாழ்கிறது என்று ஒன்பது வயதுப் பெண் குழந்தையிடம் சொல்லிவிட்டார். அதிலும் சரியாகச் சொல்லித் தொலைத்துவிட்டார். அதனால் வேலை இருக்குமா போகுமா என்று தெரியாமல் நின்றுகொண்டிருந்தார்.

முன்வரிசையில் தனி நாற்காலியில் உட்கார்ந்திருந்த நிபுணர் நான். மானின் படத்துக்குக் கீழே இருந்த தப்பான தகவலை எழுதியவனும் நானே. என் தட்டில் மட்டும் இரண்டு சமோசா வைத்திருந்தார்கள்.

வாத்தியாருக்கு வந்த மறுபிறவி

நான் பள்ளிக்கூட வேலையை விட்டு வந்ததைப் போன வாரம் இந்தப் பத்தியில் எழுதியிருந்தேன். அச்சில் பார்த்த என் மனைவி மல்லிகா, "விட்டு வந்தீங்களா? அனுப்புனாங்கன்னு எழுதுங்க" என்றாள். சரி, அனுப்பினார்கள். ஆண்டு விழா மேடையில் பள்ளியின் கரெஸ்பாண்டென்ட் திமிங்கிலத்தை உலகத்திலேயே பெரிய மீன் என்றார். நான் எழுந்து, மைக் இல்லாமலே, "பாலூட்டி சார்" என்றேன். இருபது வருஷம் உயிரியல் சொல்லிக்கொடுத்த வாய். அது என்னைக் கேட்டுக்கொண்டா திறக்கும்?

அதற்குப் பிறகு ஆறேழு மாதம் மர்பி டவுன் வீட்டில் உட்கார்ந்து மல்லிகாவின் சமையலைத் திருத்திக்கொண்டிருந்தேன். அவள் பொறுத்துப் பார்த்தாள். என் பழைய மாணவன் ஒருவன் விளம்பர கம்பெனி நடத்துகிறான். அவனுக்கு அவளே போன் போட்டு, "உங்க சாருக்கு எதுனா வேலை குடுப்பா, புண்ணியமா போகும்" என்றாள்.

அவன் கொடுத்தது பலகைக்கு வாசகம் எழுதும் வேலை. பூங்கா, ரிசார்ட், அபார்ட்மென்ட் என்று எங்கே பார்த்தாலும் இப்போது பித்தளையில் பலகை நட்டு, மரத்தைப் பற்றியும் பூச்சியைப் பற்றியும் நாலு வரி எழுதி வைக்கிறார்கள் அல்லவா, அதுதான். அந்த மரத்தையும் பூச்சியையும் ஒழித்துக் கட்டிவிட்டுத்தான் பலகை நடுவார்கள். ஆனாலும் எழுத ஆள் வேண்டுமே.

ஏழு பிளாக், ஏழு மான்

அந்த அபார்ட்மென்ட்டின் பெயரைச் சொன்னால் வழக்குப் போடுவார்கள். மான் அபார்ட்மென்ட் என்று வைத்துக்கொள்வோம். மொத்தம் ஏழு பிளாக், ஒவ்வொன்றுக்கும் ஒரு மானின் பெயர். 'கான்கிரீட்டில் இல்லை, கானகத்தில் வாழுங்கள்' என்று விளம்பரம். இருபத்திரண்டு மாடிக் கானகம்.

ஏ பிளாக்குக்குப் புள்ளிமான். பந்திப்பூர் பக்கம் காரில் போகிற யாரும் பார்த்திருப்பார்கள். தனியாக இருக்கத் தெரியாது, கூட்டம் கூட்டமாகத்தான் நிற்கும், ஒன்று தலையைத் தூக்கினால் எல்லாமே தூக்கும். காலை எட்டரைக்கு ஏ பிளாக் வாசலில் ஆபீஸ் ஷட்டிலுக்காகக் கழுத்தில் அடையாள அட்டையோடு நிற்கிறவர்களைப் பார்த்தபோது, பெயர் வைத்தவனுக்கு விவரம் தெரிந்திருக்கிறது என்று நினைத்தேன்.

பி பிளாக்குக்குக் கடமான். காட்டு மலைச் சரிவிலும் தண்ணீர் ஓரத்திலும் வாழும் பெரிய உருவம். இங்கிலீஷில் அதன் பெயர் சாம்பார். 'சாம்பார் பிளாக்கில் குடியிருக்கிறேன் என்று சம்பந்தி வீட்டில் எப்படிச் சொல்வது' என்று ஒரு குடும்பம் புகார் எழுதியது. முன்னால் 'ராயல்' என்று சேர்த்துக் கொடுத்தார்கள். புகார் அடங்கிவிட்டது.

டி பிளாக்குக்குச் சதுப்புமான். பன்னிரண்டு கிளைக் கொம்பு உள்ளது, மத்திய இந்தியப் புல்வெளியிலும் வடக்கே சதுப்பு நிலத்திலும் வாழ்வது. டி பிளாக்கை ஒட்டித்தான் கழிவுநீர் சுத்திகரிக்கும் தொட்டி இருக்கிறது. சாயங்காலக் காற்றில் சதுப்பின் வாசம் வீட்டுக்குள்ளேயே வரும்.

ஈ பிளாக்குக்கு மணிப்பூரின் சங்காய். ஏரியில் மிதக்கிற புல்திட்டின் மேலேயே வாழ்கிற மான், உலகத்தில் வேறெங்கும் கிடையாது. மொத்தத் திட்டத்திலும் நூற்றுக்கு நூறு பொருத்தமான பெயர் இதுதான். ஈ பிளாக் நிற்கும் இடம் முன்பு ஏரி. நல்ல மழை பெய்தால் தரைக்குக் கீழே நிறுத்தியிருக்கும் கார்களும் மிதக்கும்.

எஃப் பிளாக்குக்குக் காஷ்மீரத்து ஹங்குல். ஜி பிளாக்குக்குக் கேளையாடு. நம் மேற்குத் தொடர்ச்சி மலையிலும் உண்டு. பெயர்தான் ஆடு, ஆள் அசல் மான், பயந்தால் நாய் மாதிரி குரைக்கும். ஜி பிளாக்கில் நாய் வளர்க்கத் தடை. காரணம், குரைக்குமாம்.

அடர்ந்த காடு எப்படி முளைத்தது

வேண்டுமென்றேதான் சி பிளாக்கைத் தாண்டி வந்தேன். அதற்கு வெளிமான். கன்னடத்தில் கிருஷ்ண மிருகம் என்பார்கள். ஆணுக்கு முதுகு கறுப்பு, வயிறு வெள்ளை, கொம்பு திருகு திருகாக மேலே போகும். நாம் மான் என்று கூப்பிட்டாலும் இது வேறு குடும்பம், ஆடு மாடுகளுக்குத்தான் சொந்தம். அசல் மானுக்கு வருஷா வருஷம் கொம்பு விழுந்து முளைக்கும், இதற்கு விழாது.

இன்னொன்று, இது காட்டில் வாழாது. வறண்ட, மரம் குறைந்த வெட்டவெளிதான் இதற்கு வீடு. எதிரியைத் தூரத்திலேயே பார்த்து ஓடிப் பிழைக்கிற பிராணி. அடர்ந்த காட்டில் கொண்டுபோய் விட்டால் எதைப் பார்க்கும், எங்கே ஓடும்?

நான் இதையெல்லாம் சரியாகத்தான் எழுதிக் கொடுத்தேன். விற்பனைப் பிரிவிலிருந்து ஒரு தம்பி போன் செய்தான். "சார், மத்த ஆறு போர்டுலயும் காடு, ஏரி, பனின்னு சூப்பரா இருக்கு. சி பிளாக்குக்கு மட்டும் வறண்ட வெளின்னு போட்டா, கஸ்டமர் தண்ணி லாரி பத்தி கேள்வி கேப்பாங்க சார். அடர்ந்த காடு, ஓடைக்கரைன்னு மாத்திக்கலாமா? கொம்பும் எல்லாத்துக்கும் ஒரே மாதிரி விழுதுன்னே போட்டுடலாம், டிசைன் ஈஸியா இருக்கும்."

திமிங்கிலத்துக்காக வேலையை இழந்த மாவீரன் இந்த இடத்தில் என்ன செய்தான் என்று நீங்கள் கேட்கலாம். "சரிப்பா" என்றான். வந்த முதல் வேலை. மல்லிகா எதிரிலேயே நின்று என் வாயைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

வெளிமானின் கொம்பு ஆண்டுதோறும் விழுந்தது. அதன் காலடியில் ஓர் ஓடையும் ஓடத் தொடங்கியது. எல்லாம் பித்தளையில்.

ரயில் சிநேகம்

சௌரியை எனக்கு அந்தக் கேட்டில் பார்ப்பதற்கு முன்பே தெரியும். நாங்கள் இருவரும் கோலார் தங்கவயல்காரர்கள். கல்யாணத்துக்கு முன்னால் நானும் தினம் விடியற்காலை வண்டி பிடித்து பெங்களூருக்கு வந்து பாடம் நடத்திவிட்டுத் திரும்பியவன்.

அந்த வண்டியில் யாருக்கும் டிக்கெட்டில் இடம் எழுதியிருக்காது, ஆனால் எல்லோருக்கும் இடம் உண்டு. எங்கள் பெட்டியில் ஜன்னலோரம் சௌரியுடையது. எதிரெதிரே எட்டு முழங்காலுக்கு மேல் துண்டை விரித்துச் சீட்டு போடுவார்கள். விவாதம் வந்தால் என்னிடம் வரும். ஒட்டகத்துக்குத் திமிலில் தண்ணீரா கொழுப்பா, பாம்புக்குக் காது கேட்குமா, எதுவானாலும் "வாத்தியாரு சொல்லட்டும்" என்பார்கள். நான் சொன்னால் அதற்கு மேல் பேச்சு கிடையாது. என் வாழ்க்கையில் எனக்குக் கிடைத்த மரியாதை மொத்தமும் அந்தப் பெட்டியில்தான் கிடைத்தது. அந்தப் பழக்கம்தான் பின்னால் என்னைக் கெடுத்தது என்று நினைக்கிறேன்.

சுரங்கம் மூடும்வரை சௌரி அங்கே வேலை பார்த்தார். பிறகு, நாங்கள் வண்டியில் பழகிய காலத்தில், பெங்களூரில் ஒரு தொழிற்சாலை, அதுவும் மூடியபின் இந்த யூனிஃபார்ம். இப்போதும் தினம் தங்கவயலிலிருந்து வண்டியில்தான் வருகிறார். இருட்டோடு எழுந்து, சயனைடு மேட்டை ஒட்டி ஸ்டேஷனுக்கு நடந்து வருவார். தங்கம் எடுத்தபின் மிஞ்சிய மண்ணை மலையாகக் கொட்டி வைத்திருக்கிறார்களே, அந்த மேடு. அதைச் சுற்றிப் புல்லும் முள்ளுமாகக் கிடக்கும் பொட்டல்வெளியில் வெளிமான்கள் மேயும். தங்கவயல்காரர்களுக்கு அது அதிசயமில்லை. மனிதர்கள் வேலை தேடி வெளியூர் போன இடத்தில் மான்கள் நிம்மதியாக மேய்கின்றன. சௌரியின் போனில் அவற்றின் படம் இருபது முப்பது இருக்கும்.

பலகை நட்ட அன்று கேட்டில் என்னைப் பார்த்ததும் அவருக்கு ஏக குஷி. சி பிளாக் பலகையைப் படித்துவிட்டுத் திரும்பி வந்தார்.

"இன்னா சார் இது, நம்மூரு மானுக்கு காடுன்னு எழுதி வெச்சிக்கிறாங்க? எந்த மடையன் சார் எழுதனான்?"

"தெரியல சௌரி" என்றேன்.

காலண்டர் மான்கள்

மான் விஷயத்தில் என் வாய்த்துடுக்கு பழையது. எங்கள் வீடு பௌத்த வீடு. அப்பா சுரங்கத்தில் கூரை சரியாமல் மரமுட்டுக் கொடுக்கும் வேலை பார்த்தவர். சுவரில் எப்போதும் புத்தர் காலண்டர் தொங்கும். நடுவே தர்மச் சக்கரம், இரு பக்கமும் மண்டியிட்ட இரண்டு மான். முதல் உபதேசம் மான் பூங்காவில் நடந்ததன் நினைவு.

கல்லூரியில் விலங்கியல் சேர்ந்த புதிதில், அந்தப் படத்தைக் காட்டி அப்பாவிடம், உடம்பில் புள்ளி போட்டுவிட்டுத் தலையில் வெளிமான் கொம்பை வைத்திருக்கிறார்கள், இப்படி ஒரு பிராணி உலகத்திலேயே கிடையாது என்று வகுப்பெடுத்தேன்.

அப்பா பூட்ஸைக் கழற்றிக்கொண்டே, "அது எந்த மானா இருந்தா இன்னாடா? வாய மூடிகினு கேட்டுதுங்க இல்ல? நீ ஒரு நாளு கேளு பாப்போம்" என்றார்.

அப்பா போய்ச் சேர்ந்து பல வருஷம் ஆகிறது. நான் இன்னும் கேட்டபாடில்லை.

ஆதிரா தோற்ற கதை

சி பிளாக்கில் ஆதிரா என்று ஒரு பெண் குழந்தை. ஒன்பது வயது. ஸ்கூல் பஸ்ஸுக்காகக் கேட்டருகே நிற்கும் பத்து நிமிஷத்தில் அவளுக்கும் சௌரிக்கும் சிநேகம். "இந்த மான் காட்டுல இருக்காது பாப்பா. எங்க ஊர்ல தினம் பாக்கறேன். மேட்டுக்குப் பக்கத்துல, வெட்டவெளில. கொம்பும் உழாது" என்று போனில் படத்தைக் காட்டியிருக்கிறார்.

அபார்ட்மென்ட்டில் குழந்தைகளுக்கு வினாடி வினா வைத்தார்கள். கேள்விகள் எல்லாம் பலகைகளிலிருந்து. வெளிமான் எங்கே வாழ்கிறது என்றதும் ஆதிரா மற்றவர்களுக்கு முன்னால் மணியை அடித்து, "வெட்டவெளியில. கோலார் தங்கவயல்ல, சயனைடு மேட்டுக்குப் பக்கத்துல" என்றாள். ஹாலே சிரித்தது. அடுத்த பையன் 'அடர்ந்த காடு, ஓடைக்கரை' என்று சொல்லிக் கோப்பையை வாங்கிக்கொண்டு போனான். ஆதிரா அழுதுகொண்டே வீட்டுக்குப் போய், செக்யூரிட்டி அங்கிள் சொன்னதாகச் சொல்லிவிட்டாள்.

அவள் அம்மா வாட்ஸாப் குழுவில் எழுதினார். கோப்பை போனதைப் பற்றியல்ல. 'நம் பிளாக்கின் மான் மண்மேட்டில் திரிகிறது என்று கேட்டில் இருப்பவர் பரப்பிக்கொண்டிருக்கிறார்.' அதற்கு அடியில் ஒருவர், 'விற்கும்போது விலை அடிபடும்' என்றார். அது போதாதா? அத்தனை பேரும் காட்டுக்குக் காசு கொடுத்து வீடு வாங்கியவர்கள். அவர்களிடம் போய்ப் பொட்டல் என்றால் வலிக்குமா வலிக்காதா?

செகரட்டரி ரமணன், சென்னைக்காரர், எனக்குப் போன் செய்தார். "சார், சண்டே ஒரு மீட்டிங். எக்ஸ்பர்ட்டா வந்து ரெண்டே நிமிஷம், போர்டு கரெக்ட்னு சொல்லிடுங்க. அந்த செக்யூரிட்டியும் சாரி சொல்லிடுவார். வார்னிங்கோட விட்டுடலாம், பாவம். அப்புறம் ஃபேஸ் டூ வருது சார், பறவைகள். பதினாலு போர்டு, நீங்கதான்."

எல்லாம் எவ்வளவு சுமுகம் பாருங்கள். சௌரிக்கு வேலை நிலைக்கும், எனக்குப் பதினாலு பறவை. நான் செய்ய வேண்டியதெல்லாம் தலையாட்டுவது.

அன்று காலை கிளப் ஹவுஸ் வாசலில் சௌரி என்னைத் தனியாகக் கூப்பிட்டார். பலகை எழுதிய மடையன் யார் என்று அதற்குள் அவருக்குத் தெரிந்திருந்தது. அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை.

"சார், நான் சாரி கேட்டுக்கறேன். நீங்க ஆமாம்னு தலையாட்டுங்க, போதும். அம்பத்தஞ்சு தாண்டிட்டா ஏஜென்சில புது எடம் தரமாட்டாங்க சார். இந்த கேட்டு போச்சுன்னா எனக்கு வேற கேட்டு இல்ல. பொண்ணு நர்சிங் கடசி வருஷம். முடிச்சிடும் சார், இந்த ஒரு வருஷம்தான்."

"கவலப்படாத சௌரி, நான் இருக்கேன் இல்ல" என்றேன்.

பன்னிரண்டு நிமிஷம்

மறுபடி கிளப் ஹவுஸ். ரமணன் கைகாட்டியதும் சௌரி இரண்டடி முன்னால் வந்தார்.

"நான் சொன்னது தப்பு சார். ஏதோ ஆட்ட பாத்துட்டு மான்னு நெனச்சிகினேன். போர்டுல இருக்கறதுதான் கரெக்ட்டு. மேடம், பாப்பா, எல்லாரும் மன்னிச்சிடுங்க."

ஆதிராவின் அம்மா பெருந்தன்மையாகத் தலையசைத்தார். ரமணன், "ஓகே, மேட்டர் க்ளோஸ்ட்" என்றார். யாரோ நாற்காலியைப் பின்னால் நகர்த்தும் சத்தம் கூடக் கேட்டது. அவ்வளவுதான், முடிந்துவிட்டது. நான் தலையாட்டக்கூடத் தேவைப்படவில்லை.

அப்போது ஆதிரா, "அங்கிள், நீங்க போட்டோ காட்டினீங்களே" என்றாள்.

சௌரி தொப்பியைப் பார்த்தார். "அது ஆடு பாப்பா" என்றார்.

குழந்தை அவரை விட்டுவிட்டு என்னைப் பார்த்தது. நிபுணர் என்று சொல்லியிருந்தார்கள் அல்லவா. பதில் தெரிந்த வாத்தியாரைப் பதிலுக்காகப் பார்க்கும் அந்தப் பார்வையை இருபது வருஷம் தின்று வளர்ந்தவன் நான். எழுந்துவிட்டேன்.

"இல்லம்மா, அது ஆடு இல்ல" என்றேன்.

அதற்குப் பிறகு பன்னிரண்டு நிமிஷம் பேசினேன் என்று பிறகு ரமணன் கணக்குச் சொன்னார். வெட்டவெளியைச் சொன்னேன், திருகுக் கொம்பைச் சொன்னேன், அது ஏன் விழாது என்று சொன்னேன், ஓடும்போது வில்லாக வளைகிற முதுகைக் கையால் காற்றில் வரைந்து காட்டினேன். பலகையில் எழுதியது நான்தான், தெரிந்தே தப்பாக எழுதினேன், சௌரி சொன்னது ஒவ்வொரு எழுத்தும் சரி என்றேன். பேசப் பேச உடம்பெல்லாம் லேசாகிக்கொண்டே வந்தது. உண்மையைச் சொல்கிறேன், அவ்வளவு நன்றாக நான் எந்த வகுப்பிலும் பாடம் நடத்தியதில்லை. இரண்டு பேர் கைதட்டினார்கள்.

ஒரு தடவையாவது கதவுப் பக்கம் திரும்பிப் பார்த்திருக்கலாம். பார்க்கவில்லை.

கைதட்டல் ஓய்ந்ததும் ரமணன் சௌரியைக் கேட்டார். "அப்ப நீங்க சொன்னது கரெக்ட்டு. கரெக்ட்னு உங்களுக்கும் தெரியும். தெரிஞ்சே இப்ப கமிட்டி முன்னாடி பொய் சொன்னீங்க. அப்படித்தானே?"

சௌரி தலையாட்டினார்.

"கேட்ல நிக்கறவர நாங்க நம்பணும் சார்" என்று ரமணன் என் பக்கம் திரும்பி, ஏதோ நானும் கமிட்டியில் ஒருவன் என்பதுபோல் விளக்கினார். "தப்பா ஒண்ணு சொன்னா மன்னிக்கலாம். பொய் சொல்றவர எப்படி வெச்சிக்கறது?"

அவர் சொன்னதில் ஒரு ஓட்டையும் இல்லை. தெரிந்தே பித்தளையில் பொய் எழுதிய எனக்குக் காபி கொண்டுவரச் சொன்னார். தன்னைக் காப்பாற்றிக்கொள்ள ஒரு வரி பொய் சொன்ன சௌரியை மத்தியானத்துக்குள் யூனிஃபார்மை ஒப்படைக்கச் சொன்னார். நான் அவரிடம் தனியாகப் போய்க் கெஞ்சிப் பார்த்தேன். "உங்க நேர்மையை ரொம்ப மதிக்கறேன் சார்" என்றார். ஆதிராவின் அம்மாவிடம் போனேன். அவர் கைக்குட்டையால் மகளின் மூக்கைத் துடைத்துக்கொண்டே, "ரூல்ஸ் ரூல்ஸ்தானே சார்" என்றார். ஆதிராவுக்கு ஒரு கோப்பை வாங்கிக் கொடுக்க அங்கேயே தீர்மானம் போட்டார்கள்.

கஸ்தூரி

சி பிளாக்காரர்கள் பொட்டல்வெளிப் பிராணியோடு வாழச் சம்மதிக்கவில்லை. மானையே மாற்றிவிட்டார்கள். இப்போது அது கஸ்தூரி பிளாக். கஸ்தூரி மான் இமயமலையில் உயரமான குளிர்ப் பிரதேசத்தில் வாழ்வது. கொம்பே கிடையாது, ஆணுக்கு வாயிலிருந்து இரண்டு பல் நீட்டிக்கொண்டிருக்கும். பனி, மலை, வாசனை, மூன்றும் இருக்கிறதே, அவர்களுக்கு ரொம்பத் திருப்தி.

அந்தப் பலகையையும் என்னையே எழுதச் சொன்னார்கள். விஷயம் என்னவென்றால், கஸ்தூரி மானும் அசல் மான் குடும்பத்தில் சேராது, அதற்குத் தனிக் குடும்பம். இந்த முறை நான் மூச்சு விடவில்லை. பதினாலு பறவைகளையும் எழுதிக் கொடுத்துவிட்டேன். எப்போது வாயைத் திறக்க வேண்டும், எப்போது மூட வேண்டும் என்ற ஞானம் எனக்குச் சரியான நேரத்துக்கு ஒரு வாரம் கழித்து வந்து சேர்ந்தது.

மல்லிகா மட்டும் பறவைப் பலகைக்குப் பணம் வந்த அன்று என்னோடு பேசவில்லை. சாப்பாட்டைப் போட்டுவிட்டு உள்ளே போய்விட்டாள்.

ஸ்டேஷன்

அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சௌரி யூனிஃபார்மை ஒப்படைத்துவிட்டுக் கிளம்பியபோது, நானும் பின்னாலேயே வைட்ஃபீல்ட் ரயில்வே ஸ்டேஷனுக்குப் போனேன். கட்டம் போட்ட சொந்தச் சட்டையில், மடியில் டிபன் பையோடு பிளாட்ஃபாரம் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். யூனிஃபார்ம் இல்லாமல் ஆள் இளைத்துத் தெரிந்தார். என்னைப் பார்த்ததும் நகர்ந்து இடம் விட்டார். அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

"மன்னிச்சிடு சௌரி" என்றேன். "குழந்த அப்படிப் பாத்துச்சு. மனசு கேக்கல."

"நான் முடிச்சிட்டேனே சார். க்ளோஸ்ட்னு அவரே சொல்ட்டாரு. நீங்க எதுக்கு சார் திரும்ப தொறந்தீங்க?"

வேறு இடம் பார்த்துத் தருகிறேன், பழைய மாணவர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள், யாரிடமாவது சொல்கிறேன் என்று ஏதேதோ உளறினேன். அவர் தண்டவாளத்தைப் பார்த்தபடி எல்லாவற்றுக்கும் "சரி சார்" என்றார். பெண்ணுக்கு இன்று என்ன சொல்லப்போகிறார் என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை. வேண்டிய இடத்தில் அது வருவதில்லை.

பங்காருப்பேட்டை வழியாகத் தங்கவயல் போகும் வண்டி வருவதாக அறிவித்தார்கள். அவர் பையை எடுத்துக்கொண்டு எழுந்தார்.

"மனசுல இருந்தத சொல்லிட்டீங்க. இப்ப உங்களுக்கு நிம்மதியா கீதா சார்?"

நான் வண்டி வரும் பக்கம் பார்த்தேன்.

"கீதுன்னு சொல்லுங்க சார். என் வேல போயி, யாருக்குனா ஒருத்தருக்கு நல்லது ஆச்சுன்னு இருக்கட்டும்."

அவர் நிஜமாகவே கேட்டார். கிண்டல் இல்லை, கோபம் இல்லை. வீடு போய்ச் சேரும்வரை கையில் பிடித்துக்கொண்டு போக ஏதாவது ஒன்று கேட்டார்.

"இல்ல சௌரி" என்றேன்.

வண்டி வந்து நின்றது. ஏறும் கூட்டத்தோடு கம்பியைப் பிடித்தவர் ஒரு நொடி திரும்பி என்னைப் பார்த்தார்.

"இதுலயாவது ஒரு பொய் சொல்லிருக்கலாம் சார்" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டார்.